விருந்தளிப்பவர் பாட்டு

ஐரோப்பிய நாடுகள் ஆண்டுதோறும் கலந்துகொள்ளும் யூரோவிஷன் பாட்டுப் போட்டிக்கு ஒரு வழக்கம் உண்டு. ஓர் ஆண்டு வெற்றி பெறும் நாடே பெரும்பாலும் மறு ஆண்டுப் போட்டியைத் தன் மண்ணில் நடத்துகிறது. மேடை, விளக்கு, ஒளிபரப்பு, பாதுகாப்பு என்று செலவு கோடிக்கணக்கில் ஆகிறது. இதற்குக் கைம்மாறாக விருந்தளிக்கும் நாட்டுக்கு இன்று கிடைப்பது ஒரு சலுகைதான். அதன் பாட்டு அரை இறுதிச் சுற்றில் போட்டியிடாமலேயே இறுதிச் சுற்றுக்குச் சென்றுவிடும்.

அதற்கு மேல் தயவு தாட்சண்யம் கிடையாது. எந்த நாடும் தன் பாட்டுக்குத் தானே மதிப்பெண் போட்டுக்கொள்ள முடியாது. 2015-ம் ஆண்டு வியன்னாவில் நடந்த இறுதிச் சுற்றில் 27 நாடுகள் பாடின. விருந்தளித்த ஆஸ்திரியாவுக்கு ஒரு மதிப்பெண்கூட விழவில்லை. 2025 மே 17-ந் தேதி பாஸெல் நகரில் ஸ்விட்சர்லாந்தின் பாட்டுக்கு நடுவர் குழுக்கள் 214 மதிப்பெண்கள் வழங்கின. பொதுமக்கள் வாக்கில் கிடைத்ததோ பூஜ்யம். பத்தாவது இடத்துடன் அந்நாடு திருப்தியடைய வேண்டியதாயிற்று.

வீட்டுக்காரர் ஜெயிப்பது நிச்சயமில்லை என்றால், அவர் எதற்காகப் பாட வேண்டும்? இக்கேள்விக்கு அதே ஸ்விட்சர்லாந்து 1989-ம் ஆண்டிலேயே அருமையான விடை அளித்திருக்கிறது.

1988-ல் டப்ளினில் செலின் டியான் பிரெஞ்சு மொழியில் பாடி ஸ்விட்சர்லாந்துக்கு வெற்றி தேடித் தந்தார். அதனால் அடுத்த போட்டி 1989 மே 6-ந் தேதி பிரெஞ்சு பேசும் லோசான் நகரில் நடந்தது. ஒவ்வொரு நாடும் தன் சொந்த மொழியில்தான் பாட வேண்டும் என்ற விதி அப்போது அமலில் இருந்தது. ஸ்விட்சர்லாந்துக்கு ஜெர்மன், பிரெஞ்சு, இத்தாலி, ரோமான்ஷ் என்று நான்கு தேசிய மொழிகள். முதல் மூன்றும் அண்டை நாடுகளில் கோடிக்கணக்கானோர் பேசும் மொழிகள். நான்காவதைப் பேசுவோர் ஸ்விஸ் மக்களில் நூற்றுக்கு ஒருவர்கூட இல்லை. ஆல்ப்ஸ் மலையில் கிராபுண்டன் மாநிலத்துப் பள்ளத்தாக்குகளே அதன் தாய்வீடு. ஆயினும் 1938-ல் நாட்டு மக்கள் பெருவாரியாக வாக்களித்து அதைத் தேசிய மொழியாக ஏற்றுக்கொண்டனர்.

ஐரோப்பா முழுவதும் பார்த்துக்கொண்டிருந்த அந்த மேடைக்கு ஸ்விட்சர்லாந்து அனுப்பியது இந்தச் சின்னஞ்சிறு மொழியின் பாட்டைத்தான். ‘ஃபுர்பாஸ்’ என்ற நால்வர் குழு பாடியது. 22 நாடுகளில் 13-வது இடமே கிடைத்தது. பரிசுக் கணக்கில் இது தோல்விதான். ஆனால் ரோமான்ஷ் என்றொரு மொழி இருப்பதையே அறியாத எத்தனையோ வீடுகளில் அன்றிரவு அதன் ஓசை ஒலித்தது. 2025 வரையில் அந்த மேடையில் ஒலித்த ரோமான்ஷ் பாட்டு அது ஒன்றே.

புரியாத மொழியில் பாடி என்ன பயன் என்று கேட்பவர்கள் உண்டு. சொந்த மொழி விதி 1999-ல் நீக்கப்பட்டது. பல நாடுகள் ஆங்கிலத்துக்குத் தாவின. பாடுவது எந்த நாடு என்று பெயர்ப்பலகையைப் பார்த்துத் தெரிந்துகொள்ளும் நிலை வந்ததுதான் மிச்சம்.

இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. 1956-ல் முதல் போட்டி நடந்த லுகானோ, இத்தாலி மொழி பேசும் ஊர். அதில் வென்ற ஸ்விஸ் பாட்டோ பிரெஞ்சு. பாடிய லீஸ் அஸ்ஸியா ஜெர்மன் பேசும் பகுதியில் பிறந்தவர். லோசான் பிரெஞ்சு ஊர், பாட்டு ரோமான்ஷ். பாஸெல் ஜெர்மன் ஊர், பாட்டு பிரெஞ்சு. மூன்று முறையும் ஊரின் மொழி ஒன்று, வெற்றிக்கோ போட்டிக்கோ நின்ற பாட்டின் மொழி வேறு. அதனால் ஊரின் பெருமை குன்றிவிடவில்லை.

பிற மாநிலங்களில் வாழும் தமிழர்களுக்கு இதில் செய்தி இருக்கிறது. சிறுபான்மையாக வாழும் இடத்தில் தம் மொழிக்கு ஒரு மேடை வேண்டும் என்று அவர்கள் கேட்பது நியாயமே. ஆனால் பொங்கல் விழா மேடை தமிழர்களுடையது. அங்கே அவர்களே விருந்தளிப்பவர்கள். அந்த மேடையில் ஊர் மொழிப் பாட்டு ஒன்றுக்கும் இடம் கொடுத்தால் அண்டை வீட்டாரின் நல்லெண்ணம் கூடுமே தவிர, தமிழுக்குக் குறைவு ஏதும் வந்துவிடாது.

தாய்த் தமிழகத்துக்கும் இது பொருந்தும். அங்கே தமிழ் பெரிய வீட்டுக்காரர். நீலகிரியில் தோடர், கோத்தர், படுகர் ஆகியோரின் மொழிகள் அதே கூரையின் கீழ்தான் வாழ்கின்றன. அரசியல் சட்டத்தின் எட்டாவது அட்டவணையில் உள்ள 22 மொழிகளில் இவற்றுக்கு இடமில்லை. அரசு விழாக்களிலும் பள்ளி மேடைகளிலும் இம்மொழிப் பாட்டுகள் எத்தனை முறை ஒலிக்கின்றன என்று தமிழகம் தன்னையே கேட்டுக்கொள்ள வேண்டும்.

வெளியூரில் இடம் கேட்பவர், சொந்த வீட்டில் இடம் கொடுப்பவராகவும் இருந்தால்தான் அவர் கேள்விக்கு வலு இருக்கும். பரிசு கிடைக்காது என்று தெரிந்தும், தன் வீட்டின் கடைக்குட்டியை முன்னிறுத்திய ஸ்விட்சர்லாந்தின் பெருந்தன்மை பின்பற்றத்தக்கது.