யார் இந்த ஃபெர்னாண்டா டோரஸ்? காமெடி நடிகை பேசவைத்த பிரேசிலின் பழைய காயம்

2025 ஜனவரியில் கோல்டன் குளோப் சிறந்த நடிகை விருதை வென்றபோது ஃபெர்னாண்டா டோரஸுக்கு வயது 59. புதுமுகமா? இல்லவே இல்லை. 1986-லேயே, 20 வயதில், கான் விழாவில் சிறந்த நடிகை விருதைப் பகிர்ந்துகொண்டவர். ஆனால், பிரேசில் வீடுகளில் அவரைப் பிரபலமாக்கியது 'ஓஸ் நோர்மைஸ்' போன்ற டிவி காமெடி தொடர்கள்தான்.

அவரைத்தான் 'ஐ ஆம் ஸ்டில் ஹியர்' படத்தில் யூனிஸ் பைவாவாக்கினார் இயக்குநர் வால்டர் சாலஸ்.

யார் இந்த யூனிஸ்?

1971-ல் ராணுவ ஆட்சி இவருடைய கணவர், முன்னாள் எம்.பி. ரூபன்ஸ் பைவாவை வீட்டிலிருந்து கூட்டிப்போனது. அவர் திரும்பவே இல்லை. உடலும் கிடைக்கவில்லை. 5 பிள்ளைகளை வளர்த்து, சட்டம் படித்து, போராடிய யூனிஸ் கையில் இறப்புச் சான்றிதழ் கிடைத்தது 1996-ல்.

படத்தில் ஒரு காட்சி. பத்திரிகை போட்டோவுக்குச் சோகமாக இருக்கச் சொல்கிறார்கள். யூனிஸோ பிள்ளைகளைச் சிரிக்கச் சொல்கிறார். அழவைக்க வேண்டிய இடத்தில் சிரிப்பையே எதிர்ப்பாக மாற்றுகிறார் டோரஸ். காமெடி அனுபவம் கைகொடுத்தது இங்கேதான்.

வயதான யூனிஸாக வருபவர் டோரஸின் அம்மா ஃபெர்னாண்டா மான்டினெக்ரோ. 1999-ல் அம்மா, 2025-ல் மகள்: இருவருமே சாலஸ் படங்களுக்காகச் சிறந்த நடிகை ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டவர்கள். இருவருக்கும் விருது கைநழுவியது. ஆனால், சிறந்த சர்வதேச படத்துக்கான ஆஸ்கர் முதல்முறையாக பிரேசிலுக்கு வந்தது.

விருதைவிடப் பெரிய விஷயம் வேறு. 2025 ஜனவரியில், ரூபன்ஸின் சாவுக்கு அரசே காரணம் என இறப்புச் சான்றிதழ் திருத்தப்பட்டது. குற்றவாளிகளைக் காப்பாற்றிவரும் 1979 பொதுமன்னிப்புச் சட்டம் இன்னும் செல்லுமா என்ற கேள்வியும் மறுபடி உச்ச நீதிமன்றத்துக்குப் போயிருக்கிறது.