முன்ஜாமீன் மறுத்த பின்னும் கைது எங்கே?

திருவான்மியூர் குப்பத்து மீனவர் மீதோ, விடிகாலையில் கூலிக்கு நிற்கும் சித்தாள் மீதோ ஒரு வழக்கு வந்தால் என்ன நடக்கும்? முன்ஜாமீன் என்ற சொல் அவர் காதில் விழுமுன்பே போலீஸ் ஜீப் வாசலில் நிற்கும். வக்கீலுக்குப் பணமில்லை, ஜாமீன் நிற்பவருக்குச் சொத்தில்லை. விசாரணைக்கு முன்பே சிறை!

திருவான்மியூரிலிருந்து அடையாறு வந்து, தொழிலாளர் தலைவர் திரு.வி.க.வின் பெயர் தாங்கிய பாலத்தைத் தாண்டினால் மந்தைவெளி. அங்கே 2018-ம் ஆண்டில் சட்டம் நடந்துகொண்ட விதத்தைப் பாட்டாளி மக்கள் மறந்துவிடக் கூடாது.

அந்த ஆண்டு ஏப்ரலில், மயிலாப்பூர் தொகுதியின் முன்னாள் எம்.எல்.ஏ.வும் அப்போதைய பா.ஜ.க. பிரமுகருமான நடிகர் எஸ்.வி.சேகர், பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்தும் பதிவு ஒன்றை முகநூலில் பகிர்ந்தார். எதிர்ப்புக் கிளம்பியதும் நீக்கினார், மன்னிப்புக் கேட்டார். சென்னைப் போலீசார் வழக்குப் பதிவு செய்தனர். மே 10 அன்று உயர் நீதிமன்றம் முன்ஜாமீன் மறுத்தது. பிறர் எழுதியதைப் பகிர்வதும் அதை ஏற்பதற்குச் சமம் என்று இடித்துரைத்தது. முடிவில் உச்ச நீதிமன்றமும் கைகொடுக்கவில்லை.

கைது நடந்ததா? இல்லை! ஜூன் 20 அன்று அவரே எழும்பூர் நீதிமன்றத்தில் ஆஜராகி, ஜாமீன் பெற்றுச் சென்றார். இடைப்பட்ட 41 நாட்களில் போலீஸ் அவரைக் கைது செய்யவில்லை. இதே வழக்கில் 2024 பிப்ரவரியில் சிறப்பு நீதிமன்றம் அவருக்கு ஒரு மாதச் சிறையும் 15,000 ரூபாய் அபராதமும் விதித்தது. 2025 ஜனவரியில் உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது.

“முன்ஜாமீன் மறுக்கப்பட்டால் கைது செய்தே தீர வேண்டுமா?” என்று சட்டம் படித்தவர்கள் கேட்கலாம். கட்டாயமில்லைதான். ஏழாண்டு வரை தண்டனைக்குரிய குற்றங்களில் கண்ணை மூடிக்கொண்டு கைது செய்யாதே என்று 2014-ல் உச்ச நீதிமன்றமே கட்டளையிட்டது. நல்ல கட்டளை, வரவேற்கிறோம். ஆனால் அது மந்தைவெளிக்கு மட்டும்தானா? 2024 செப்டம்பரில், சங்க உரிமைக்காகப் போராடிய சாம்சங் தொழிலாளர் நூறு பேருக்கு மேல் ஊர்வலம் போகவிடாமல் பிடித்துச் செல்லப்பட்டார்களே, அப்போது இந்த நிதானம் எந்தப் பீரோவில் உறங்கியது?

முன்ஜாமீனே கூடாது என்று நாம் சொல்லவில்லை. செல்வாக்குள்ளவர்கள் எதிரிகளைப் பொய் வழக்கில் சிக்கவைக்கிறார்கள் என்று சட்டக் கமிஷன் சுட்டிக்காட்டியதால்தான் 1973-ம் ஆண்டுச் சட்டத்தில் 438-வது பிரிவு பிறந்தது. 2024 ஜூலை முதல் அது புதிய சட்டத்தின் 482-வது பிரிவு. பொய் வழக்கை அதிகம் சுமப்பவர் யார்? சங்கம் வைக்கும் ஆலைத் தொழிலாளியும், கூலி கேட்கும் விவசாயத் தொழிலாளியும்தான். அந்தக் கேடயம் அவர்கள் கைக்கு எட்டுவதில்லை.

கிராமத்தில் கதை வேறு. சாதிக் கொடுமை செய்த ஆண்டை முன்ஜாமீனுடன் ஊர் திரும்பினால் எந்தச் சாட்சி வாய் திறப்பான்? அதனால்தான் 1989-ம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் முன்ஜாமீனுக்குத் தடை போட்டது. 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்தத் தடையைத் தளர்த்தியது. ஏப்ரல் 2-ல் நாடெங்கும் பந்த் நடந்தது, உயிர்கள் பலியாயின. ஆகஸ்டில் பார்லிமெண்ட் தடையை மீட்டது. 2020-ல் நீதிமன்றமும் அதை ஏற்றது. தெருவில் இறங்கிய மக்களே அந்தச் சட்டத்தைக் காப்பாற்றினார்கள்!

தோழர்களே! 2022-ல் இந்தியச் சிறைகளில் இருந்தோரில் நூற்றுக்கு 75 பேர் விசாரணைக் கைதிகள். தீர்ப்புக்கு முன்பே சிறையில் கிடந்தவர்கள் அவர்கள். கைது செய்தால் 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். காரணம் சொல்ல வேண்டும். ஏழைக்கு இலவச வக்கீல் தர வேண்டும். இவை பிச்சையல்ல, உரிமை. ஒவ்வொரு சங்கமும் தன் உறுப்பினருக்கு இதைக் கற்றுக் கொடுக்கட்டும்.

யாரையும் பழிவாங்கச் சிறையில் தள்ளு என்று நாம் கேட்கவில்லை. மந்தைவெளிக்குக் காட்டிய பொறுமையைத் திருவான்மியூர் குப்பத்துக்கும் காட்டு என்கிறோம். குப்பத்துக்குக் காட்டும் கண்டிப்பை மந்தைவெளிக்கும் காட்டு என்கிறோம். சட்டம் ஒன்றென்றால் அதன் கையும் ஒன்றாகவே இருக்கட்டும்!