பாட்டிகள் இருக்கும்போதே

மலேசியாவின் கேமரன் மலையில் ‘போ’ தேயிலைத் தோட்டம் 1929இல் தொடங்கியது. அங்கே கொழுந்து பறிக்க வந்த தமிழர்கள் குலசாமியோடு ஒப்பாரியையும் கொண்டுவந்தார்கள். இழவு வீட்டில் பெண்கள் தோள்மேல் கைபோட்டு வட்டமாக உட்காருவார்கள். ஒருத்தி எடுத்துக் கொடுக்க மற்றவர்கள் இழுத்து முடிப்பார்கள். செத்தவர் சுமந்த கூடை, ஏறிய மேடு, கடைசிவரை போய்ப் பார்க்காத ஊர் எல்லாம் அந்த அழுகைக்குள் வந்துவிடும். ஜப்பானியர் ஆட்சிக் காலத்தில் மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் ரயில்பாதை வேலைக்குக் கொண்டுபோன ஆயிரக்கணக்கானோர் திரும்பவில்லை. வைத்து அழ உடல்கூட இல்லை. அந்தத் துயரத்தை எழுத்தாளர்கள் ஆர். சண்முகமும் அ. ரெங்கசாமியும் நாவலாக்கினார்கள். ஆனால் வீட்டில் தங்கிவிட்ட பெண்கள் பாடி அழுதது எங்கே? இலங்கை மலையகத்துக்கு ஒரு சி.வி. வேலுப்பிள்ளை கிடைத்தார், தோட்டப் பாடல்களைத் தேடித் தொகுத்தார். கேமரன் மலையில் இன்று கொழுந்து வெட்டுவது பெரும்பாலும் வெளிநாட்டுத் தொழிலாளர்கள். ஒப்பாரி தெரிந்த பாட்டிகள் பிள்ளைகளோடு பட்டணத்து அடுக்குமாடிகளுக்குப் போய்க்கொண்டிருக்கிறார்கள். நல்ல நாளில் ஒப்பாரி பாடச் சொல்வது அபசகுனம் என்று வீட்டார் தயங்குவது புரிகிறது. இருந்தாலும் மலாயாப் பல்கலைக்கழக இந்திய ஆய்வியல் துறை மாணவர்கள் இந்த விடுமுறையிலேயே கேமரன் மலையின் தானா ராத்தாவுக்கும் ரிங்லெட்டுக்கும் ஒலிப்பதிவுக் கருவியோடு போக வேண்டும்.