துரையின் கடிதமும் நீதவானின் கையொப்பமும்

நீதிமன்றத்தின் கதவு அனைவர்க்கும் திறந்திருக்கிறது என்று குடியியற் பாடநூல்கள் கூறுகின்றன. ஆசிரியர்களாகிய நாமும் ஆண்டுதோறும் அதையே ஒப்புவிக்கிறோம். ஆனால் குடியிருக்கும் வீட்டை விட்டுத் துரத்தப்படுபவன் எந்தக் கதவைத் தட்டுவது? தட்டினால், உள்ளே வீற்றிருப்பவர் எதை விசாரிக்கச் சட்டம் இடங்கொடுக்கிறது?

நகரத்து வாடகைக் குடியானவனை முதலிற் பார்ப்போம். 1972ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க வாடகைச் சட்டம் புரட்சிச் சட்டமன்று. எனினும் வீட்டுச் சொந்தக்காரன் தனக்கு வீடு தேவையென்று வாயாற் சொன்னால் மட்டும் போதாது, அதை மன்றில் நிரூபிக்க வேண்டும் என்று அது விதித்தது. குடியிருப்பாளனோடு சேர்த்து வீட்டை வாங்கிய புதுச் சொந்தக்காரன் ‘எனக்கே தேவை’ என்று வழக்கிடுவதையும் தடுத்தது. இந்தப் பாதுகாப்புப் பின்னர் படிப்படியாகக் குறுகிற்று. 1980ஆம் ஆண்டுத் திருத்தம் அவ்வாண்டு பிறந்தபின் கட்டப்பட்ட குடியிருப்பு வீடுகளுக்கு விலக்களித்தது. இவ்வாறு விலக்குக்கு மேல் விலக்காக வந்தபோதும் ஒன்று எஞ்சி நின்றது. வழக்கைத் தீர்ப்பவன் வீட்டுக்காரன் அல்லன், நீதிபதியே.

அந்த எச்சமும் இல்லாத இடமொன்று உண்டு. அரசே காணிக்காரனாக நிற்கும் இடம் அது.

1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீளப் பெறல்) சட்டத்தைப் படித்துப் பாருங்கள். ‘தகுதிவாய்ந்த அதிகாரி’ ஒருவர், இது அரச காணி, இவன் அதிகாரமின்றி இருக்கிறான் என்று அபிப்பிராயம் கொண்டால் போதும். வெளியேறும் அறிவித்தல் பிறந்துவிடும். அவ்வறிவித்தல் குறித்து விசாரணையோ முறைப்பாடோ கோரும் உரிமை எவருக்கும் இல்லை என 1983ஆம் ஆண்டுத் திருத்தம் வெட்கமின்றி எழுதி வைத்தது. குறித்த நாளில் வெளியேறாதவன் நீதவான் முன் நிறுத்தப்படுகிறான். அங்கே அதிகாரியிடம் சான்று கேட்க நீதவானுக்கு அதிகாரம் இல்லை. குடியிருப்பவன் காட்டக்கூடியது ஒன்றே ஒன்று: அரசு தந்த செல்லுபடியான அனுமதிப்பத்திரம், அல்லது வேறோர் எழுத்துமூல அதிகாரம். அது இல்லையேல் வெளியேற்றக் கட்டளை. வேறு எச்சட்டம் எதைக் கூறினும் இச்சட்டமே மேலோங்கும் என்றும் அது தனக்குத்தானே முடிசூட்டிக் கொண்டது. தனியார் வீட்டுக்காரனை மன்றுக்கு இழுத்த அரசு, தன்னை மட்டும் விலக்கிக்கொண்ட விந்தை இது!

இச்சட்டத்தின் கூர்முனை மலையகத்தில் எப்படிப் பாய்கிறது என்பதை எண்ணுங்கள். நான்கைந்து தலைமுறையாக லயக் காம்பிராவில் வாழும் தொழிலாளரில் பெரும்பாலோர்க்கு உறுதியோ பத்திரமோ என்றும் வழங்கப்பட்டதில்லை. உழைப்பைத் தோட்டத்தோடு கட்டிவைக்கவே லயம் எழுந்தது. பத்திரம் கொடுத்தால் கட்டு அறுந்துபோமல்லவா? இன்று சட்டம் அவர்களிடம் கேட்பதோ அந்தப் பத்திரத்தைத்தான். 1972, 1975 காணிச் சீர்திருத்தங்கள் தோட்டங்களை அரசுடைமையாக்கியபோது முற்போக்காளர் வரவேற்றனர். வரவேற்றது சரியே. ஆயின் அதனால் லயத்தின் நிலமும் அரச காணியாயிற்று. 1992இல் முகாமை கம்பனிகளின் கைக்குப் போனது. இலாபம் கம்பனிக்கு, காணி மட்டும் அரசுக்கு!

1946இல் நேவ்ஸ்மயர் தோட்டத்தினின்று தொழிலாளரை வெளியேற்ற முனைந்தபோது தோட்டப் பகுதிகள் பெரும் வேலைநிறுத்தத்தில் எழுந்தன. பிறரைத் துன்புறுத்தும் எண்ணமின்றித் தன் இருப்பிடத்தில் தங்கியிருப்பது மட்டும் குற்றவியல் அத்துமீறலாகாது என்று 1950இல் பிரித்தானியக் கோமறைக் கழகம், தோட்டத் தொழிலாளி ஒருவரின் வழக்கிற் கூறிற்று. ஏகாதிபத்தியத்தின் உச்ச மன்றுகூட அவருடைய எண்ணம் யாதென்று கேட்டது. சுதந்திர இலங்கையின் சட்டம் அதையும் கேட்பதில்லை.

போகட்டும், மேல் மன்றுக்குச் செல்லலாமே என்பார்கள். நுவரெலியா மாவட்டத்தின் ஸ்டபோர்ட் தோட்ட வழக்கு அதற்கு விடை. தோட்ட அத்தியட்சகர் விடுத்த வெளியேறும் அறிவித்தலை எதிர்த்துக் கண்டியிலுள்ள மாகாண மேல் நீதிமன்றிடம் எழுத்தாணை கேட்கப்பட்டது. தனக்கு நியாயாதிக்கம் இல்லை என்றது அம்மன்று. உண்டு என்றது மேன்முறையீட்டு நீதிமன்றம். 2013 செப்ரெம்பர் 26ஆந் திகதி உயர் நீதிமன்றம் இறுதியாக ‘இல்லை’ என்றது: அரச காணி மத்தியின் கையிலேயே இருப்பதால் மாகாண மன்று இதில் தலையிடலாகாது. 1987ஆம் ஆண்டின் 13ஆம் திருத்தம் காணியை மாகாணத்துக்குத் தந்ததாகப் பேசப்பட்டதெல்லாம் இங்கே ஒரு வரியிற் கரைந்தது. இனி எழுத்தாணை வேண்டுமாயின் கொழும்புக்குப் போக வேண்டும். நாட்சம்பளத்தை இழந்து, பயணச் செலவையும் வழக்கறிஞர் கட்டணத்தையும் கடன்பட்டுத் தேடி, கொழுந்து பறிக்கும் ஒரு தாய் அங்கே போய்ச் சேர்வாளா? சட்டப் புத்தகத்தில் உரிமை இருக்கிறது. அதற்கும் அவளுக்கும் இடையே மலையும் வறுமையும் நிற்கின்றன.

காட்டையும் ஆற்றங்கரையையும் ஆக்கிரமிப்போரைத் துரத்த இச்சட்டம் வேண்டாமா என்று சிலர் வினவுவர். பெரும் ஆக்கிரமிப்பாளனிடம் ஏதாவதொரு கடிதமும், அதைத் தந்த அமைச்சரின் நட்பும் இருக்கும். எழுத்துமூல அதிகாரம் அவனுக்குக் கிட்டாத பொருளன்று. கடிதமில்லாமல் நிற்பவன் ஏழையே.

ஆகவே நாம் கோருவது இது. பல்லாண்டு குடியிருந்தவன் என்ற நிலையே நீதவான் முன் கேட்கத்தக்க எதிர்வாதமாக வேண்டும். அதிகாரியின் அபிப்பிராயத்துக்கு அடிப்படை என்னவென்று கேட்க நீதவானுக்கு உரிமை வேண்டும். மாற்றிடம் காட்டாமல் எந்தக் குடும்பமும் தெருவுக்கு அனுப்பப்படலாகாது. வெளியேறும் அறிவித்தலை எதிர்க்கும் எழுத்தாணை விண்ணப்பத்தைக் கண்டியிலும் பதுளையிலும் இரத்தினபுரியிலும் கேட்க வழி செய்யப்பட வேண்டும். பாராளுமன்றம் செல்லும் மலையகப் பிரதிநிதிகள் தேர்தல் மேடையில் ‘காணியுரிமை’ என்று முழங்குமுன், 1979ஆம் ஆண்டுச் சட்டத்தின் மூன்றாம், ஒன்பதாம் பிரிவுகளைத் திருத்தும் மசோதா ஒன்றைச் சபையில் வைத்துக் காட்டட்டும்.