50 வெள்ளி அட்டை தோட்டத்து முச்சந்திக்கு வருமா?

மாதம் 50 வெள்ளி கட்டினால் போதும். எல்.ஆர்.டி., எம்.ஆர்.டி., மோனோரெயில், ரெபிட் கேஎல் பேருந்து எதிலும் 30 நாளைக்கு எத்தனை முறை வேண்டுமானாலும் ஏறி இறங்கலாம். 'மை50' என்னும் இந்தச் சலுகை மலேசியக் குடிமக்கள் எல்லாருக்கும் உரியது. ஈஜோக்கிலும் ஜெராமிலும் தோட்டத்து வீட்டிலிருந்து கல்லூரிக்குப் புறப்படும் மாணவனும் குடிமகன்தான். ஆனால் அந்த அட்டையைத் தட்ட அவன் முதலில் சுங்கை பூலோ வந்து சேர வேண்டும். கோலசிலாங்கூர் பட்டணத்திலிருந்து அது 40 கிலோமீட்டருக்கு மேல்.

ரெபிட் கேஎல் ஏன் அங்கேயே நின்றுவிட்டது? விடை அதன் பிறப்பில் இருக்கிறது. 1996இல் ஸ்டார், 1998இல் புத்ரா என்று இரண்டு தனியார் எல்.ஆர்.டி. நிறுவனங்கள் ஓடத் தொடங்கின. இடையில் 1997ஆம் ஆண்டின் ஆசிய நிதி நெருக்கடி வந்தது. கடனைக் கட்ட இரண்டாலும் முடியவில்லை. நிதியமைச்சின் கீழ் 1998இல் அமைக்கப்பட்ட பிரசாரானா 2002இல் இரண்டையும் எடுத்துக்கொண்டது. 2004இல் அவற்றை நடத்தும் பொறுப்பு ரெபிட் கேஎல்லுக்கு வந்தது; இன்ட்ராகோத்தா, சிட்டிலைனர் ஆகியவற்றின் நகரப் பேருந்துகளும் அதனிடம் சேர்ந்தன. ஆக, ஒட்டுமொத்தச் சிலாங்கூரின் தேவையையும் கணக்கெடுத்து யாரும் இதன் வரைபடத்தைப் போடவில்லை. நொடித்த நிறுவனங்கள் எங்கே ஓடினவோ, அங்கிருந்துதான் அது வளர்ந்தது. பிறகு வந்த எம்.ஆர்.டி.யின் காஜாங் தடமும் (2017இல் முழுமையாக), புத்ராஜெயா தடமும் (2023) அதே கிள்ளான் பள்ளத்தாக்கைத்தான் இன்னும் நெருக்கமாகப் பின்னின.

நம் பக்கத்துக் கதை வேறு. வட சிலாங்கூரில் நம் தாத்தா பாட்டி காலத்திலிருந்து ஓடியது சிலாங்கூர் ஒம்னிபஸ் போன்ற தனியார் பேருந்துகள். தனியார் பேருந்து டிக்கெட் காசில்தான் ஓட வேண்டும். கையில் கொஞ்சம் காசு சேர்ந்தவர் மோட்டார் வாங்கினார், அடுத்தவர் கார் வாங்கினார், பேருந்தில் ஆள் குறைந்தது. ஆள் குறைந்தால் நடை குறையும். நடை குறைந்தால் மீதி ஆளும் போய்விடும். தோட்டங்களும் மாறின. நாட்டின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் 1917இல் தொடங்கியது நம் தென்னமரம் தோட்டத்தில்தான். ரப்பரைவிடச் செம்பனைக்கு ஆள் குறைவாகப் போதும் என்பதால், பின்னாளில் தோட்டங்கள் செம்பனைக்கு மாற மாற லயங்கள் காலியாயின. எஞ்சிய குடும்பங்கள் இங்கே பத்து வீடு, அங்கே இருபது வீடு என்று சிதறிக் கிடக்கின்றன. தோட்டத்துச் சாலையோ கம்பெனியின் சொத்து. பேருந்து உள்ளே வராது. பெரிய சாலை வரை நடைதான்.

சாலை போடப் பணம் இல்லாமல் இல்லை. 2011இல் லத்தார் நெடுஞ்சாலை ஈஜோக் வரை வந்தது. மேற்குக் கரை நெடுஞ்சாலையும் நம் மாவட்டத்தை ஊடுருவுகிறது. இரண்டும் டோல் சாலைகள், கார் வைத்திருப்பவருக்கானவை. கார் இல்லாத வீட்டுப் பிள்ளைக்கு 16 வயதில் மோட்டார் லைசென்ஸ்தான் வழி. இந்நாட்டுச் சாலை மரணங்களில் பத்தில் ஆறுக்கு மேல் மோட்டாரோட்டிகளும் பின்னால் அமர்ந்தவர்களும் என்பதை நினைத்தால், இதை ஒரு 'தீர்வு' என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பெண் பிள்ளைகளுக்குப் பல வீடுகளில் அந்த வழியும் இல்லை. நான் பாடம் சொல்லிக் கொடுத்த ஒரு மாணவி, நல்ல எஸ்.பி.எம். முடிவு வைத்துக்கொண்டு, போக்குவரத்தை எண்ணியே ஆறாம் படிவத்தைக் கைவிட்டுப் பக்கத்துத் தொழிற்சாலையில் சேர்ந்தாள். தொழிற்சாலையின் வேன் தோட்டத்து முச்சந்திக்கே வருகிறது!

பெஸ்தாரி ஜெயாவில் சிலாங்கூர் பல்கலைக்கழகம், புஞ்சாக் ஆலாமில் யு.ஐ.டி.எம். வளாகம் என்று உயர்கல்விக் கூடங்கள் நம் மாவட்டத்திலேயே இருக்கின்றன. ஆனால் பழைய பேருந்துத் தடங்கள் கோலாலம்பூரையும் கிள்ளானையும் நோக்கிப் போட்டவை. மாவட்டத்துக்குள் குறுக்கே போவதுதான் கடினம்.

"பெருநகர நிறுவனம் தோட்டத்துக்கு எப்படி வரும்?" என்று கேட்கலாம். பிரசாரானா 2007இல் பினாங்குக்கும் 2012இல் குவாந்தானுக்கும் போனது. கோலாலம்பூரை விட்டு வெளியே போகக் கூடாது என்று ஒன்றும் இல்லை. மாநில அரசும் 2015 முதல் ஸ்மார்ட் சிலாங்கூர் இலவசப் பேருந்துகளை ஓட்டுகிறது. தமிழ்நாட்டில் 1997இல் மினி பேருந்துத் திட்டம் வந்தபோது, தடத்தின் பெரும்பகுதி அதுவரை பேருந்தே போகாத சாலையாக இருக்க வேண்டும் என்று நிபந்தனை வைத்தார்கள். எனக்குப் பிடித்தது அந்த நிபந்தனைதான். லாபம் உள்ள சாலையில் பத்துப் பேருந்து, மற்றதில் ஒன்றுமில்லை என்ற நிலையை அது நேராகத் தொட்டது.

நம் தோட்டங்களுக்கு 40 இருக்கைப் பேருந்து தேவைப்படாது. கிள்ளான் பள்ளத்தாக்கில் இப்போது ஓடும், செயலியில் அழைத்தால் வரும் வேன் போதும். காலை ஆறு மணிக்கும் மாலை ஆறு மணிக்கும் நிச்சயமாக வர வேண்டும், அவ்வளவுதான். செலவை டிக்கெட் காசு ஈடுகட்டாது; அரசு மானியம் வேண்டும். 50 வெள்ளி அட்டைக்கும் அரசு மானியம்தானே கொடுக்கிறது?

தீபகற்பத்தில் பேருந்துத் தட உரிமம் கொடுப்பது தரைப் பொதுப் போக்குவரத்து நிறுவனமான அபாட். அங்கே முதலில் கேட்பது எத்தனை பேர், எங்கிருந்து, எந்த நேரத்தில் என்பதைத்தான். தோட்டம் தோட்டமாக அந்தக் கணக்கை எடுக்க ஒரு நோட்டுப் புத்தகமும் இரண்டு வார இறுதிகளும் போதும். ஈஜோக், ஜெராம், புக்கிட் மெலாவாத்தி ஆகிய மூன்று சட்டமன்றத் தொகுதிகளின் சேவை மையங்களுக்கும் அதன் நகலைக் கொடுங்கள். இந்தப் பள்ளி விடுமுறையிலேயே தொடங்கலாம்.