வெப்பப் படமும் காவலரின் குறிப்பேடும்

பாலக்காட்டுக் கணவாயை ஒட்டிய காடுகளில் யானைகள் தொன்றுதொட்டு நடமாடி வருகின்றன. வாளையாற்றுக்கும் மதுக்கரைக்கும் இடையே இரயில் பாதை இக்காடுகளை ஊடுருவிச் செல்வதால் விளைந்த இழப்புகள் பல. 2021 நவம்பர் 26ஆம் நாள் இரவு நவக்கரைக்கு அருகில் இரயில் மோதி மூன்று யானைகள் மாண்டன. இத்தகைய விபத்துகளைத் தடுக்கும் பொருட்டுத் தமிழ்நாட்டு வனத்துறை 2024 பிப்ரவரியில் மதுக்கரைப் பகுதியில் 12 கோபுரங்களை நிறுவி, வெப்பக் காமிராக்களையும் சாதாரணக் காமிராக்களையும் பொருத்தியது. கணிப்பொறியின் மென்பொருள் படங்களை ஆராய்ந்து, யானை தென்பட்டால் எச்சரிக்கை விடுக்கிறது.

இம்முயற்சி பாராட்டத்தக்கதே. ஆயினும், இனி எல்லாவற்றையும் யந்திரமே கவனித்துக்கொள்ளும் என்ற எண்ணம் வேரூன்றுமாயின் அதனால் தீங்கே விளையும்.

கண்ணுக்குப் புலனாகாத அகச்சிவப்புக் கதிர்களை 1800இல் வில்லியம் ஹெர்ஷல் கண்டறிந்தார். எல்லாப் பொருள்களும் தத்தம் உஷ்ணத்திற்கேற்ப இக்கதிர்களை வெளிவிடுகின்றன. வெப்பக் காமிரா பெறுவது இக்கதிர்களையே, உஷ்ணத்தை அன்று. பொருளின் கதிர்வீசுதிறன், தூரம், காற்றின் ஈரம் ஆகியவற்றைக் கொண்டு மென்பொருளே உஷ்ணத்தைக் கணிக்கிறது. வெந்நீர் நிறைந்த பித்தளைச் செம்பின் ஒரு பாதியை நன்கு துலக்கி, மறு பாதியில் கரி பூசினால், கரி பூசிய பாதி மட்டுமே படத்தில் சூடாகத் தோன்றும். செம்பு ஒன்றே, நீரும் ஒன்றே, படமோ இருவகை. பள்ளிகளில் வெப்பக் கதிர்வீசலைப் போதிக்கும் ஆசிரியர்களுக்கு இது நல்ல உதாரணமாகும்.

காட்டிலும் நிலைமை இதுவே. பகலெல்லாம் வெயிலில் காய்ந்த பாறை, அந்தியில் யானையின் தோலுக்கு நிகராகக் கதிர்வீசக்கூடும். அப்போது உருவத்தையும் அசைவையும் கொண்டே மென்பொருள் தீர்ப்பளிக்க வேண்டும். மூடுபனி கதிர்களை மங்கச் செய்யும். அடர்ந்த புதர் அவற்றை மறைத்துவிடும்.

இவ்விடத்தில் ஓர் உண்மையை மறத்தலாகாது. யந்திரம் தான் கண்டதையே அறிக்கையில் எழுதும். காணத் தவறியதை எழுத அதனால் இயலாது. பொய் எச்சரிக்கை சிறிது நேரத்தில் வெளிப்பட்டுவிடும். தவறவிட்ட யானையோ, மறுநாட் காலையில் பாதையோரத்துக் காலடித் தடமாகவும் இலத்தியாகவும் மட்டுமே சாட்சி கூறும். அச்சாட்சியைக் காண வல்லவர் காட்டில் நடக்கும் காவலர் ஒருவரே.

ஆகவே, காவலரின் குறிப்பேட்டை வழக்கொழிந்த பழம்பொருளாகக் கருதலாகாது. தடம் கண்ட இடமும் நேரமும் நாள்தோறும் குறிக்கப்பெற்று, மென்பொருளின் அறிக்கையோடு ஒப்பிடப்பெறுதல் வேண்டும். அறிக்கையில் மூலப் படமும் இணைந்திருத்தல் அவசியம். அது காவலர் படித்தறியும் மொழியில், எல்லையின் இப்பக்கம் தமிழிலும் அப்பக்கம் மலையாளத்திலும், அமைதல் வேண்டும். தமக்கு விளங்காத அறிக்கையை எவரும் திருத்த முயலார்; திருத்தப்பெறாத யந்திரமோ செய்த பிழையையே மீண்டும் செய்யும். அப்பிழைக்கு விலையாவது ஓர் உயிர்.