பெங்குவினுக்கு வழி விடுங்கள்!

நியூஜிலாந்தின் தென் தீவில், தென்கிழக்கு மூலையிலே இருக்கிறது காட்லின்ஸ் கடற்கரை. பத்துப் பேர், ஒரு சின்ன பஸ், ஒரு வழிகாட்டி. க்யூரியோ விரிகுடாவில் சுமார் 18 கோடி ஆண்டுகளுக்கு முந்திய காடு கல்லாய்ச் சமைந்து கிடக்கிறது. கடல் வற்றும்போது தலை காட்டுகிறது.

மாலையில் மஞ்சள் கண் பெங்குவின் ஒன்று கடலிலிருந்து வந்தது. எங்களைக் கண்டதும் அலையிலேயே தயங்கி நின்றுவிட்டது.

"50 மீட்டராவது தள்ளி நில்லுங்கள்! நாம் வழி மறித்தால் அது கரையேறாது. கூட்டிலே குஞ்சு பட்டினி கிடக்கும். அருகி வரும் இனம், ஐயா!" என்றார் வழிகாட்டி.

காமிராவும் கையுமாக முன்னால் நின்றவன் அடியேன்தான்! வெட்கத்துடன் பின்வாங்கினேன். கால் மணி கழித்து அது தத்தித் தத்திப் புதருக்குள் போயிற்று.

எனக்குப் படம் கிடைக்கவில்லை. குஞ்சுக்குச் சாப்பாடு கிடைத்தது. படந்தானே? அந்நாட்டு 5 டாலர் நோட்டிலேயே இருக்கிறது!